நம்பெருமாள் செட்டியின் செங்கல்

பாரிமுனையில் டேர் ஹவுஸின் மூலையை ஒட்டி ஒரு பழைய தூண் நிற்கிறது. பேருந்தைப் பிடிக்க ஓடுகிறவர்கள் அதைக் கவனிப்பதில்லை. கவனித்தாலும் யாருடைய சமாதியோ என்று நினைத்துக்கொண்டு நடையைக் கட்டிவிடுவார்கள். 1773 ஜனவரி 1 என்று தேதியிட்ட எல்லைத் தூண் அது. அன்றைக்கு ஆறு தூண்கள் நட்டார்கள், இன்று மிஞ்சியிருப்பது இது ஒன்றுதான். ஜார்ஜ் டவுனை நடந்து பார்க்க என்னோடு வருகிறவர்களை முதலில் இங்கேதான் நிறுத்துவேன். கோட்டை வாசலில் ஆரம்பித்தால் கதை 'வெள்ளைக்காரன் வந்து இறங்கினான்' என்று தொடங்கும். இந்தத் தூணில் ஆரம்பித்தால் 'நம் ஆட்களின் வீடுகளை இடித்தார்கள்' என்று தொடங்கும். இரண்டாவதுதான் எனக்குச் சரியாகப் படுகிறது.

கோட்டையின் வடக்கு மதிலை ஒட்டினாற்போல் ஒரு ஊர் இருந்தது. நெசவாளர்கள், சாயம் போடுகிறவர்கள், துபாஷிகள், தெலுங்குச் செட்டிமார்கள் குடியிருந்த அந்த ஊருக்கு ஆங்கிலேயர்கள் வைத்த பெயர் பிளாக் டவுன். 1746-இல் பிரெஞ்சுக்காரர்கள் கோட்டையைப் பிடித்தார்கள், பிடித்த கையோடு மதிலுக்குப் பக்கத்தில் இருந்த வீடுகளை இடித்தார்கள். ஒப்பந்தம் போட்டு 1749-இல் ஊரைத் திரும்பப் பெற்றுக்கொண்ட ஆங்கிலேயர்கள் என்ன செய்தார்கள்? மீதி வீடுகளையும் இடித்தார்கள். இரண்டு தரப்புக்கும் காரணம் ஒன்றே. மதிலுக்கு முன்னால் வீடு இருந்தால் எதிரி அதில் ஒளிந்துகொள்வான், பீரங்கி சுட வெட்டவெளி வேண்டும். அப்படிக் காலியாக்கிய திடல்தான் எஸ்பிளனேடு. இந்த எல்லையைத் தாண்டி யாரும் வீடு கட்டக்கூடாது என்று சொல்ல நட்டதுதான் தூண்.

இடிபட்டதில் சென்னகேசவப் பெருமாள் கோயிலும் ஒன்று. இன்று உயர்நீதிமன்றம் நிற்கும் இடத்தில் இருந்த அந்தக் கோயில் 1757-இல் போனது. பிறகு ஆளுநர் பிகட்டின் துபாஷியாக இருந்த மணலி முத்துக்கிருஷ்ண முதலியார் முன்னின்று, கம்பெனியிடம் இடம் வாங்கி, 1760-களில் பூக்கடைப் பக்கம் சென்னகேசவருக்கும் சென்னமல்லீசுவரருக்குமாக இரட்டைக் கோயில் கட்டினார். பட்டணம் கோயில் என்றால் அந்த வட்டாரத்தில் எல்லோருக்கும் தெரியும். நூற்றுச் சொச்சம் வருஷம் கழித்து, கோட்டைக்கு எதிரி என்று யாரும் மிச்சமில்லாதபோது, காலியாக வைத்திருந்த திடலில் அரசாங்கமே பெரிய பெரிய கட்டடங்களை எழுப்பிக்கொண்டது. நாம் இன்று அண்ணாந்து பார்க்கும் செக்கச்செவேலென்ற கோபுரங்கள் எல்லாம் அந்த வெட்டவெளியில் முளைத்தவைதான்.

என்னைப் பற்றி இரண்டு வரி. பொதுப்பணித் துறையில் கட்டடப் பிரிவில் பொறியாளராக இருந்து ஓய்வு பெற்றவள் நான். வேலைக் காலம் முழுக்கப் பழைய அரசுக் கட்டடங்களின் ஒழுகும் மாடிகளோடு மல்லுக்கட்டியிருக்கிறேன். அதனால் என் நடையில் ஆளுநர்களின் காதல் கதைகள் குறைவாகவும் சுண்ணாம்பு கொஞ்சம் அதிகமாகவும் இருக்கும். ராபர்ட் கிளைவின் கல்யாணம் எந்த ஆண்டு என்று யாராவது கேட்டால் சொல்வேன்: 1753, கோட்டைக்குள் இருக்கும் புனித மேரி தேவாலயத்தில். ஆனால் நானாக அதை ஆரம்பிப்பதில்லை. லண்டனுக்கு அடுத்தபடியாக உலகத்திலேயே பெரிய நீதிமன்ற வளாகம் நம் உயர்நீதிமன்றம்தான் என்று எல்லா வழிகாட்டிகளும் சொல்வார்கள். அளந்து பார்த்தது யாரென்று யாரும் சொல்வதில்லை. ஆகவே நானும் சொல்வதில்லை.

உயர்நீதிமன்றத்தின் முன்னால் நிற்கும்போது கூட்டத்தில் யாராவது ஒருவர் கட்டாயம் கேட்பார்: "மேடம், இதை எந்த வெள்ளைக்காரர் கட்டினார்?"

வரைந்தவர் பெயர் வேண்டுமென்றால் பிராசிங்டன். அவருக்குப் பின் அதைக் கையிலெடுத்து முடித்தவர் ஹென்றி இர்வின். சிம்லாவில் வைஸ்ராய் மாளிகை கட்டிய அதே இர்வின், பின்னாளில் மைசூர் அரண்மனைக்கும் வரைபடம் போட்டவர். வேலை 1888-இல் தொடங்கி 1892 ஜூலையில் திறப்புவிழா நடந்தது. நான்கே வருஷம்! இன்றைக்கு எத்தனையோ இயந்திரங்களை வைத்துக்கொண்டு நான்கு வருஷத்தில் இப்படி ஒன்றை முடிக்கும் ஒப்பந்தக்காரர் இருந்தால் நான் பார்க்க ஆசைப்படுகிறேன். அந்த நான்கு வருஷமும் செங்கல், சுண்ணாம்பு, தேக்கு, கல் எல்லாவற்றையும் கொண்டுவந்து சேர்த்து, கொத்தனார்களையும் சித்தாள்களையும் கட்டி மேய்த்தவர் தாட்டிகொண்ட நம்பெருமாள் செட்டி. இதைக் கட்டியவர் அவர்தான் என்பேன்.

அவர் பெயரைச் சொன்னவுடன் பெரும்பாலும் முகங்களில் ஒரு சலனமும் இருக்காது. கூடவே பட்டியலைச் சொல்வேன். பக்கத்தில் இருக்கும் சட்டக் கல்லூரி. எழும்பூரில் கன்னிமாரா நூலகம். அதே வளாகத்தில் சிவப்பு மணற்கல் முகப்போடு நிற்கும் விக்டோரியா நினைவு மண்டபம், நமக்குத் தேசியக் கலைக்கூடம் என்றால்தான் தெரியும். சென்ட்ரலுக்குப் பக்கத்தில் விக்டோரியா பொது மண்டபம். கடற்கரைச் சாலையில் அன்றைய மெட்ராஸ் வங்கியின் தலைமையகம், இன்று பாரத ஸ்டேட் வங்கி. எல்லாம் ஒரே ஒப்பந்தக்காரர். வரைந்தவர்களில் சிஸம், இர்வின் என்று ஆள் மாறியிருக்கிறார்கள், கட்டியவர் மாறவில்லை. 1856-இல் பிறந்து 1925-இல் மறைந்தவர். சேத்துப்பட்டில் ஏகப்பட்ட வீடுகளும் நிலமும் வாங்கிப் போட்டார். கணிதமேதை ராமானுஜன் 1920 ஏப்ரலில் கண்மூடியதும் சேத்துப்பட்டில் செட்டியாருக்குச் சொந்தமான ஒரு வீட்டில்தான்.

இவர் மட்டும் என்றில்லை. ரிப்பன் மாளிகையை வரைந்தவர் ஹாரிஸ், 1913-இல் கட்டி முடித்தவர் லோகநாத முதலியார். எழும்பூர் ரயில் நிலையத்தை 1908-இல் முடித்துக் கொடுத்தவர் பெங்களூரைச் சேர்ந்த சாமிநாத பிள்ளை. வரைபடம் போட்டவரின் பெயர் எல்லாப் புத்தகத்திலும் இருக்கிறது. இவர்கள் பெயர் பழைய பத்திரிகைகளிலும் நினைவுக் கல்வெட்டுகளிலும் கிடந்தது. தேடி எடுத்து எழுதியவர்கள் சிலர் இருந்ததால்தான் நம் கைக்கு வந்தது. இவர்களுக்கும் கீழே கல் சுமந்தவர்களின் பெயர் எங்குமே இல்லை.

உயர்நீதிமன்ற வளாகத்துக்குள் போக முடிந்தால் ஒரு தனிக் கல்தூணைக் காட்டுவேன். நூற்றிருபது அடிக்கு மேல் உயரம், கிரேக்க பாணி. 1844-இல் கட்டிய கலங்கரை விளக்கம் அது. அதற்கு முன்னால் விளக்கு எரிந்தது கோட்டைக்குள், இன்று அருங்காட்சியகமாக இருக்கும் கட்டடத்தின் மொட்டைமாடியில். 1894-இல் விளக்கு நீதிமன்றத்தின் உயரமான கோபுரத்துக்கு ஏறியது, 1977 வரை அங்கேயே எரிந்தது. நீதி சொல்லும் கட்டடமே கப்பலுக்கு வழியும் சொன்னது என்று மேடைப் பேச்சாளர்கள் உருகுவார்கள். எனக்கு அந்தத் தூணின் கல் முக்கியம். பல்லாவரத்து மலையில் வெட்டிய கல் அது.

பல்லாவரத்துக் கல்லுக்கு ஒரு வேடிக்கையான சரித்திரம் உண்டு. கல்கத்தாவில் ஜாப் சார்னாக்கின் சமாதியில் பதித்த கல் இங்கிருந்து போனது. அந்தச் சமாதிக் கல்லை ஆராய்ந்த நிலவியலாளர் ஹாலண்ட், அந்தப் பாறை வகைக்கே சார்னோகைட் என்று பெயர் வைத்துவிட்டார். மலை நம்முடையது, வெட்டியவர்கள் நம் கல்தச்சர்கள், பெயர் மட்டும் கல்கத்தாவில் புதைந்தவருடையது. கோட்டைக்குள் சட்டமன்றக் கட்டடத்தின் முகப்பில் நிற்கும் வழவழப்பான கறுப்புத் தூண்களும் இந்த ஜாதிக் கல்தான். முதலில் கடல் வாசலுக்கு எதிரே மண்டபமாக நின்றன. 1746-இல் ஊரைப் பிடித்த பிரெஞ்சுக்காரர்கள் அவற்றைப் பெயர்த்துப் புதுச்சேரிக்குக் கப்பலேற்றினார்கள். 1761-இல் புதுச்சேரி விழுந்ததும் ஆங்கிலேயர்கள் போய்த் திரும்ப எடுத்துவந்தார்கள். கல்லைக்கூட விட்டுவைக்காத சண்டை.

இனி சுண்ணாம்பு. இதைச் சொல்லத்தான் எனக்குப் பிரியம், வருகிறவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

மெட்ராஸ் கட்டடங்களின் சுண்ணாம்பு கல்லிலிருந்து வந்ததைவிடச் சிப்பியிலிருந்து வந்ததுதான் பெயர்பெற்றது. பழவேற்காடு ஏரியில் வாரிய கிளிஞ்சலும் சிப்பியும் கால்வாய் வழியாகப் படகில் வந்து சேரும். சூளையில் சுட்டு, தண்ணீர் தெளித்துப் பொரியவிட்டு, சலித்து, மணலோடு சேர்த்துச் செக்கில் போட்டு அரைப்பார்கள். கடுக்காயையும் வெல்லத்தையும் ஊறவைத்த தண்ணீரை அதில் விடுவார்கள். மேல்பூச்சுக்கு இன்னும் நைசாக அரைத்த சுண்ணாம்பு, முட்டையின் வெள்ளைக்கரு, தயிர். பூசி, ஈரம் சுண்டும் பக்குவத்தில் வழவழப்பான கூழாங்கல்லால் தேய்த்துத் தேய்த்து மெருகேற்றினால் சலவைக்கல் தோற்றுப்போகும். 18-ஆம் நூற்றாண்டில் கப்பலில் வந்து இறங்கிய வெள்ளைக்காரர்கள் கரையிலிருந்த வீடுகளைப் பார்த்துப் பளிங்கு மாளிகைகள் என்று மயங்கி எழுதியிருக்கிறார்கள். பளிங்கு அல்ல, பழவேற்காட்டுச் சிப்பி.

கூரையைப் பார்க்க வேண்டுமென்றால் ஆண்டர்சன் தெருவுக்குப் போக வேண்டும். கல்யாணப் பத்திரிகைகளும் காகிதமும் விற்கும் தெரு. அங்கே எனக்குப் பழக்கமான ஒரு காகிதக் கடை உண்டு. முகப்பெல்லாம் மாறிப்போய் மேலே பிளாஸ்டிக் பலகை தொங்குகிறது, உள்ளே பின்கட்டில் கூரை மட்டும் அப்படியே இருக்கிறது. நாங்கள் போனால் கடைக்காரர் ஒரே ஒரு விளக்கைப் போட்டுவிட்டு, "மேலே பாத்துக்கிட்டே நடக்காதீங்கம்மா, கீழே ரீம் கட்டு கெடக்கு" என்று எச்சரிப்பார்.

மேலே பார்த்தால் ஒன்றரை அடிக்கு ஒன்றாகத் தேக்குக் கட்டைகள். அவற்றின் மேல் சின்னச் சின்ன ஓட்டுச் செங்கல். சுமார் ஆறு அங்குல நீளம், மூன்றங்குல அகலம், ஒரே ஒரு அங்குலக் கனம். படுக்கவைத்து அடுக்கியிருக்க மாட்டார்கள், பக்கவாட்டில் நிறுத்தி, அறையின் ஒரு மூலையிலிருந்து எதிர்மூலையை நோக்கிக் குறுக்கே சாய்வாகக் கட்டிக்கொண்டே போயிருப்பார்கள். கீழே சென்ட்ரிங் பலகை கிடையாது, முட்டு கிடையாது. கொத்தனார் ஒரு செங்கல்லின் மேல் காரையை அப்பி, முந்தைய வரிசையோடு ஒட்டி, உள்ளங்கையால் சில விநாடி அழுத்திப் பிடிப்பார். காரை பற்றிக்கொள்ளும். கையை எடுத்துவிட்டு அடுத்த கல். அந்தரத்தில் நிற்கும் கல்லை நம்பி அடுத்த கல்லை ஒட்டுவது என்பது கை பழகினவர்களால் மட்டும் ஆகிற காரியம்.

அந்த வரிசை காய்ந்த பிறகு அதன்மேல் செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் கலந்து நாலங்குலம் வரை கொட்டுவார்கள். அப்புறம் பெண்களின் வேலை. வரிசையாக உட்கார்ந்து, கையடக்கமான மரக்கட்டையால் தட்ட வேண்டும். கடுக்காய்த் தண்ணீர் தெளிப்பது, தட்டுவது, மறுபடி தெளிப்பது, மறுபடி தட்டுவது. ஒருநாள் இரண்டுநாள் கதையில்லை. கட்டை பட்டால் எகிறிக் குதிக்க வேண்டும், அந்த அளவுக்குத் தளம் இறுகும்வரை தட்டுவார்கள். கைவலி தெரியாமல் இருக்கப் பாட்டும் உண்டு. கடைசியாகத் தட்டோடு பதித்து மூடினால் மெட்ராஸ் டெரஸ் ஆயிற்று. இந்த ஊரில் பிறந்து, இந்த ஊரின் பெயரையே சுமக்கும் ஒரு கட்டுமுறை. கம்பி இல்லை, சிமெண்ட் இல்லை. நூறு வருஷம் தாண்டியும் சித்திரை வெயிலில் அதன் கீழே உட்கார முடியும். என் வீட்டு கான்கிரீட் கூரையின் கீழே முடியாது.

அதே ஊரில் மரத்துக்கு இடமே கொடுக்காத ஒரு கூரையும் இருக்கிறது. கோட்டைக்குள் புனித மேரி தேவாலயம். ஸ்டிரெய்ன்ஷாம் மாஸ்டர் ஆளுநராக இருந்தபோது கம்பெனியின் காசை எதிர்பார்க்காமல் ஆட்களிடம் வசூல் செய்து கட்டி, 1680 அக்டோபரில் திறந்தார்கள். சுவர் நான்கடி கனம். கூரை முழுக்கச் செங்கல்லும் சுண்ணாம்பும் சேர்ந்த வளைவு, உத்திரம் என்று ஒரு கட்டை கிடையாது. குண்டு விழுந்தால் தாங்க வேண்டும், தீப்பிடிக்கக் கூடாது. கடவுளை நம்பியவர்கள் பீரங்கியையும் நம்பியிருக்கிறார்கள். 1758 டிசம்பரிலிருந்து 1759 பிப்ரவரி வரை லாலியின் பிரெஞ்சுப் படை கோட்டையைச் சுற்றி வளைத்துச் சுட்டபோது அந்தக் கூரை தாங்கியது.

தேவாலயத்தைச் சுற்றித் தரையில் பதித்திருக்கும் கல்லறைக் கற்களின் மேல் நடப்பதற்குச் சிலர் தயங்குவார்கள். தாராளமாக நடக்கலாம், கீழே யாரும் இல்லை. அந்தக் கற்கள் வந்த இடம் வேறு. பழைய கல்லறைத் தோட்டம் கோட்டைக்கு வெளியே, இன்றைய சட்டக் கல்லூரி வளாகத்தில் இருந்தது. முற்றுகையின்போது பிரெஞ்சு வீரர்கள் அங்கிருந்த பெரிய சமாதிகளுக்குப் பின்னால் மறைந்துகொண்டு சுட்டார்கள். முற்றுகை நீங்கியதும் ஆங்கிலேயர்கள் சமாதிகளை இடித்துக் கற்களை மட்டும் இங்கே கொண்டுவந்து பரப்பினார்கள். லத்தீன், போர்ச்சுகீஸ், ஆர்மீனிய எழுத்துகள் எல்லாம் காலடியில் கிடக்கும். 1652-இல் இறந்த எலிசபெத் பேக்கரின் கல்தான் அவற்றில் மூத்தது. பழைய தோட்டத்தில் விட்டுவைத்த சமாதிகளில் ஒன்றில் ஆளுநர் எலிஹு யேலின் சின்ன மகன் டேவிட் கிடக்கிறான். யேலின் மனைவிக்கு முதல் கணவரான ஜோசப் ஹின்மர்ஸும் அங்கேதான். அமெரிக்காவில் யேல் பல்கலைக்கழகம் என்று பெயர் வரக் காரணமான யேல்தான் அவர்.

ஆர்மீனியன் தெருவுக்கு வரும்போது வெயில் ஏறிவிடும், வந்தவர்கள் இளநீர் தேட ஆரம்பித்திருப்பார்கள். செவ்வாய்க்கிழமை என்றால் அந்தோணியார் கோயில் கூட்டத்தில் நடக்கவே முடியாது. 1772-இல் கட்டிய ஆர்மீனியத் தேவாலயத்தில் நுழைந்தால் சத்தம் சட்டென்று அடங்கும். உலகத்தின் முதல் ஆர்மீனியப் பத்திரிகையை 1794-இல் இந்த ஊரில் அச்சிட்ட ஷ்மாவோனியன் பாதிரியாருக்கு இங்கேதான் சமாதி. சென்னைக்கு வந்து சைதாப்பேட்டையில் அடையாற்றுக்குப் பாலமும் பரங்கிமலைக்குப் படிக்கட்டும் கட்டிக்கொடுத்த கோஜா பெத்ருஸ் உஸ்கானும் ஆர்மீனியர்தான். ஆண்டவர்கள் வரிசையில் இல்லாதவர்கள், ஆனாலும் ஊருக்குப் பாலம் கொடுத்துவிட்டுப் போனவர்கள்.

வழியில் பொது அஞ்சலகத்தைப் பார்த்துவிட்டு ஒரு கேள்வி வரும். குவிமாடம், மினார், ஜன்னல் வளைவு, இதெல்லாம் டெல்லி மாதிரி இருக்கிறதே என்பார்கள். இந்தோ சாரசனிக் என்று அந்தப் பாணியைச் சொல்வார்கள். 1857-க்குப் பிறகு முகலாயர்களின் வாரிசு தாங்கள்தான் என்று காட்டிக்கொள்ள ஆங்கிலேயர்களுக்கு ஆசை. மெட்ராஸில் அதற்குச் சாக்காக 1768-இல் எழுந்த சேப்பாக்கம் நவாப் மாளிகை இருந்தது. பெரிய கோபுரங்களும் ஆயிரங்கால் மண்டபங்களும் உள்ள தேசத்தில் குவிமாடத்தைத் தேடிப் போனது எனக்கு இன்றைக்கும் உறுத்துகிறது. சிஸம் கொஞ்சம் பரவாயில்லை. திருவனந்தபுரம் போய் அங்குள்ள மரக்கூரைகளைப் பார்த்து நேப்பியர் அருங்காட்சியகம் கட்டியவர், 1884-இல் திறந்த இந்த அஞ்சலகத்தின் கோபுரங்களுக்கும் மலையாள தேசத்துத் தொப்பியைத்தான் மாட்டினார். கண்ணிருந்த மனிதர்.

இப்படிக் கூட்டம் சேர்த்து நடந்து ஊர் பார்ப்பது பழைய வழக்கம் இல்லை. எஸ். முத்தையா 1981-இல் 'மெட்ராஸ் டிஸ்கவர்ட்' எழுதியபோது பாரிமுனையில் நின்று அண்ணாந்து பார்க்கிறவர்கள் அபூர்வம். அவரும் நண்பர்கள் சிலரும் 2004-இல் மெட்ராஸ் தினத்தைத் தொடங்கிய பிறகுதான் ஆகஸ்ட் 22-ஐ ஒட்டி இந்த நடைகள் பெருகின. 1639-இல் அந்தத் தேதியில்தான் வெங்கடாத்ரி நாயக்கர் கம்பெனிக்கு இடம் கொடுத்தார். முத்தையா 2019-இல் காலமானார். நடைகள் நிற்கவில்லை. இன்று கோயில், சாப்பாடு, சினிமா, மரம் என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு நடை இருக்கிறது. நல்லதுதான். ஆனால் படம் எடுத்துப் போட்டவுடன் கட்டடம் காப்பாற்றப்பட்டுவிட்டது என்ற நினைப்பும் கூடவே வளர்ந்திருக்கிறது. நீதிபதி பத்மநாபன் குழு பட்டியலிட்ட பாரம்பரியக் கட்டடங்கள் 467. பட்டியலில் இல்லாத ஆண்டர்சன் தெருக் கூரைகளை யார் எண்ணினார்கள்?

வேலையில் இருந்த காலத்தில் நான் பார்த்தவரை பழைய கட்டடங்களைக் கொன்றதில் மழைக்கு முதல் இடம் இல்லை. சிமெண்டுக்குத்தான். சுண்ணாம்புச் சுவர் ஈரத்தை இழுக்கும், வெயில் அடித்தால் விட்டுவிடும். மூச்சு விடுகிற சுவர். அதன்மேல் சிமெண்ட் பூசினால் உள்ளே போன ஈரம் வெளியே வர வழியில்லாமல் உப்பாகக் கட்டி நிற்கும். சில வருஷத்தில் சிமெண்ட் பூச்சு தானாக விழும். விழும்போது சும்மா விழாது, செங்கல்லின் முகத்தையும் பெயர்த்துக்கொண்டுதான் விழும். அதைப் பார்த்துவிட்டு "பழைய சுவர், பலமில்லை" என்று எழுதி இடிக்க அனுமதி வாங்குவார்கள். அந்தக் கோப்புகளை நிறையப் பார்த்தவள் நான்.

இதைப் படிக்கிறவர்களில் யாருக்காவது ராயபுரத்திலோ மயிலாப்பூரிலோ திருவல்லிக்கேணியிலோ மெட்ராஸ் டெரஸ் போட்ட பழைய வீடு இருந்தால் ஒன்றே ஒன்று கேட்டுக்கொள்கிறேன். அடுத்த மழையில் கூரை ஒழுகினால் உடனே சிமெண்ட் கலக்கச் சொல்லாதீர்கள். தட்டோட்டின் இடுக்கில் முளைத்திருக்கும் அரசங்கன்றை வேரோடு எடுங்கள், மழைநீர்க் குழாயின் அடைப்பை நீக்குங்கள், சுண்ணாம்பு வேலை தெரிந்த கொத்தனாரைத் தேடுங்கள். காஞ்சிபுரம், செட்டிநாடு பக்கம் இன்னும் இருக்கிறார்கள். கூலி கூடுதல்தான், வேலையும் மெதுவாகத்தான் நடக்கும். கொடுங்கள்.

நடைக்கு வர விருப்பம் இருந்தால் ஞாயிற்றுக்கிழமை காலை ஆறரைக்குப் பாரிமுனைத் தூண் பக்கம் வாருங்கள். கடைகள் மூடியிருக்கும், முகப்புகள் தெரியும். தொப்பியும் தண்ணீரும் எடுத்துக்கொள்ளுங்கள். வேறு நாளில் தனியாக வருவதானால், வெள்ளிக்கிழமை கோட்டை அருங்காட்சியகத்துக்கு விடுமுறை.